படிப்பா, அசிஸ்டென்ட் வேலையா, ஊரிலேயே லொகேஷன் வேலையா? மலையிலிருந்து சினிமா கலைத்துறைக்குப் போகும் வழிகள்

ப்ளஸ் டூ ரிசல்ட் வருகிற மே மாதத்தில் நீலகிரியில் இப்போது அடிக்கடி காதில் விழுகிற கேள்வி இது: "பையன் நல்லா வரைவான். சினிமாவில் ஆர்ட் டைரக்டர் ஆகணும்ங்கறான். எங்கே சேர்க்கறது?" பெண் பிள்ளைகளைப் பற்றியும் இதே கேள்வி வருகிறது, கொஞ்சம் தயக்கத்தோடு. கேட்பவர்கள் பெரும்பாலும் ஒன்றிரண்டு ஏக்கர் தேயிலையோ, கேத்திப் பள்ளத்தாக்கில் கொஞ்சம் கேரட்டோ வைத்திருப்பவர்கள். பச்சைத் தேயிலை விலை அடுத்த மாதம் என்ன ஆகும் என்பது அவர்களுக்கே தெரியாது. அதனால் "ஆசைப்பட்டதைச் செய்யட்டும்" என்று பொத்தாம்பொதுவாகச் சொல்லிவிட்டு நகர முடிவதில்லை.

ஆசை வந்ததில் ஆச்சரியம் ஒன்றும் இல்லை. ஊட்டியிலிருந்து கூடலூர் போகிற சாலையில் ஒரு புல்வெளிக்கு ஷூட்டிங் மட்டம் என்றே பெயர். படச்சுருள் செய்கிற அரசுத் தொழிற்சாலைகூட ஊட்டியில் இருந்தது. 1960-ல் தொடங்கிய ஹிந்துஸ்தான் போட்டோ பிலிம்ஸ் அது. 'இந்து' என்ற பெயரில் கறுப்பு வெள்ளைச் சுருளும் எக்ஸ்ரே பிலிமும் நாடு முழுக்கப் போயின. இப்போது மூடிக் கிடக்கிறது. எங்கள் பக்கத்தில் எந்த வீட்டுக்குப் போனாலும் ஒரு ஷூட்டிங் கதை கிடைக்கும்.

நான் சென்னையில் ஆர்ட் டிபார்ட்மென்ட்டில் உதவியாளராக இருந்தவன். இப்போது குன்னூரில் இருந்துகொண்டு, மலைக்கு வருகிற யூனிட்டுகளுக்கு செட், பிராப்பர்ட்டி (காட்சியில் வைக்கிற சாமான்கள்) வேலை பார்க்கிறேன். அதனால் கீழே சொல்வதில் என் சாய்வு இருக்கும். கலை இயக்குநர் ஆக மூன்று வழிகள் உண்டு. ஆனபிறகு, தயாரிப்பாளர் ஆகலாமா என்று ஒரு கட்டத்தில் தோன்றும். அதற்குள்ளும் மூன்று வழிகள் உண்டு. எல்லாவற்றையும் நான் ஒரே அளவுகோலால்தான் அளக்கிறேன்: எந்த வழியில் போனால் எஸ்டிமேட் போட, அதாவது ஒரு செட்டுக்கு ஆகிற செலவையும் நாளையும் முன்கூட்டியே கணக்குப் போட, சீக்கிரம் வரும்? வரைபடம் அழகாக வருவது முக்கியம்தான். ஆனால் வரையத் தெரிந்தவர்கள் நிறையப் பேர். வரைந்ததை இத்தனை நாளில், இத்தனை ரூபாயில் நிற்க வைக்கத் தெரிந்தவர்கள்தான் குறைவு. மேலே போனவர்களும் அவர்கள்தான்.

முதலில் வேலையைப் பற்றி ஒரு வார்த்தை. தமிழ்ப் படத்தின் தொடக்கத்தில் 'கலை' என்று ஒரே சொல்லில் போட்டுவிடுகிறார்கள். ப்ரொடக்‌ஷன் டிசைனர் என்ற பட்டம் 1939-ல் ஹாலிவுட்டில் வந்தது. வில்லியம் கேமரான் மென்சீஸ் என்பவரிடம் ஒரு பெரிய படத்தின் தோற்றம் முழுவதையும், காட்சி காட்சியாக வரைந்து தீர்மானிக்கிற பொறுப்பைத் தயாரிப்பாளர் செல்ஸ்னிக் கொடுத்தார். அதற்காக உண்டான பெயர் அது. இன்றைக்கு இங்கேயும் பெரிய படங்களில் மேலே ப்ரொடக்‌ஷன் டிசைனர், அவருக்குக் கீழே ஆர்ட் டைரக்டர், அவருக்குக் கீழே அசிஸ்டென்ட்கள், அப்புறம் செட் தச்சர், பெயின்டர், மோல்டிங் ஆட்கள், பிராப்பர்ட்டி ஆட்கள் என்று வரிசை இருக்கிறது. சின்னப் படத்தில் முதல் மூன்று வேலையையும் ஒருவரே பார்ப்பார்.

இன்னொரு விஷயத்தையும் மலைக்காரர்கள் முதலிலேயே தெரிந்துகொள்வது நல்லது. நம் ஊர் திரையில் வந்தால் நம் ஊரில் வேலை வரும் என்று நினைத்துக்கொள்கிறோம். 1987-ல் வந்த 'நாயகன்' படத்துக்காக மும்பை தாராவியை சென்னையில் ஒரு ஸ்டூடியோவுக்குள் கட்டினார் தோட்டா தரணி. அந்த வேலைக்குத்தான் அவருக்கு தேசிய விருது. அதேபோல, 2024-ல் வந்த 'மஞ்ஞும்மல் பாய்ஸ்' கொடைக்கானல் குணா குகையின் கதை. ஆனால் குகையின் உட்புறத்தைக் கேரளத்தில் பெரும்பாவூரில் ஒரு கிடங்குக்குள் செட்டாகப் போட்டார்கள். டிசைனர் அஜயன் சாலிசேரி. வனத்துறை வேலி போட்டு அடைத்து வைத்திருக்கிற குழிக்குள் ஒரு யூனிட்டை இறக்கிப் படம் எடுக்க முடியாது என்பது சரிதான். ஆனால் அந்தப் பாறையைச் செய்த கூலி கொடைக்கானலுக்கு வரவில்லை என்பதையும் கவனியுங்கள். வேலை, செட் போடுகிற இடத்தில்தான் இருக்கிறது. மலையில் பிறந்தது ஒரு தகுதி ஆகாது. மலையைத் தெரிந்து வைத்திருப்பது வேண்டுமானால் ஆகும்.

எஸ்டிமேட் என்றால் என்ன?

இதைக் கொஞ்சம் விரிவாகச் சொல்லிவிடுகிறேன். மீதியெல்லாம் இதை வைத்துத்தான்.

கோத்தகிரி பக்கம் ஒரு தோட்டத்து ஓரத்தில் 1930-களின் தபால் ஆபீஸ் முகப்பு ஒன்று வேண்டும் என்று வையுங்கள். மூன்று பக்கச் சுவர், ஓட்டுக் கூரை, முன்னால் வராந்தா. புதிதாக வருகிறவர் பிளைவுட், ரீப்பர் கட்டை, ஆணி, பெயின்ட், தச்சர் கூலி என்று எழுதிக் கூட்டிவிடுவார். சென்னையில் ஒரு ஸ்டூடியோ ஃப்ளோருக்கு அந்தக் கணக்கு ஓரளவு போதும். மலையில் போதாது.

பிளைவுட்டும் ரீப்பரும் மேட்டுப்பாளையத்திலிருந்து ஏற வேண்டும். கீழேயே அடித்துக் கொண்டுவந்தால் கூலி மிச்சம். ஆனால் அடித்த துண்டு கொண்டை ஊசி வளைவில் லாரியோடு சேர்ந்து திரும்புமா என்று பார்த்து அளவெடுக்க வேண்டும். பிளாஸ்டர் ஆஃப் பாரிஸ் மோல்டிங் மூடுபனியில் காயாது. காய வைக்க ஹாலஜன் விளக்கு, அதற்கு ஜெனரேட்டர், அதற்கு டீசல். பெயின்ட் ஒரு கோட்டுக்கும் அடுத்த கோட்டுக்கும் நடுவில் சென்னையில் விடுகிற நேரத்தைப் போல இரண்டு மடங்கு விட்டாலும் சில நாள் கையில் ஒட்டும். மழை வந்தால் பிளைவுட் உப்பும், தார்ப்பாய் வாடகை. குன்னூர், கோத்தகிரிப் பக்கம் ஐப்பசி, கார்த்திகை மழைதான் பெரிய மழை. கூடலூர், பந்தலூர் பக்கம் ஆனி, ஆடி. இரண்டையும் ஒன்றாக நினைத்து 'ஜூனில் மலையில் மழை' என்று பொதுவாக எழுதினால் தேதி போச்சு. கீழிருந்து வருகிற ஆட்களுக்கு அறை, சாப்பாடு, பேட்டா (தினப்படி). அவர்களில் பாதிப் பேர் முதல் இரண்டு நாள் குளிரில் சுணங்குவார்கள். அதையும் நாள் கணக்கில் சேர்க்க வேண்டும்.

ஷூட்டிங் முடிந்ததும் பிரிக்கிற கூலி இருக்கிறது. இதைத்தான் எல்லாரும் மறக்கிறார்கள். செட்டைப் பிரித்து, ஆணியைப் பொறுக்கி, தெர்மகோல் துணுக்கு ஒன்று விடாமல் கீழே கொண்டுபோக வேண்டும். நீலகிரியில் பிளாஸ்டிக் விஷயத்தில் மாவட்ட நிர்வாகம் கண்டிப்பானது. மிதிபட்ட புல்லைத் திருப்பிப் போட்டுத் தராவிட்டால், பங்களாக்காரர் வாங்கி வைத்த டெபாசிட் திரும்பாது.

இந்தக் கணக்கை முழுவதும் போடத் தெரிந்த ஒருவர் என்ன செய்யலாம்? செட்டைக் காண்ட்ராக்டாக எடுக்கலாம். தயாரிப்புத் தரப்பு இவ்வளவு என்று ஒரு தொகை பேசிவிடும். மிஞ்சினால் உங்களுக்கு, குறைந்தால் உங்கள் கையிலிருந்து. அப்படிக் காண்ட்ராக்ட் எடுக்கிற கலை இயக்குநர் ஏற்கெனவே பாதித் தயாரிப்பாளர்தான். மீதிப் பாதிக்கு என்ன வேண்டும் என்பதைப் பிறகு பார்ப்போம்.

படித்துவிட்டுப் போகிற வழி

தமிழ்நாட்டுப் பிள்ளைக்கு இருக்கிற நல்ல வாசல் அரசு கவின் கலைக் கல்லூரி. சென்னையில் ஒன்று, கும்பகோணத்தில் ஒன்று. சென்னைக் கல்லூரி 1850-ல் தொடங்கியது. நான்கு வருஷ பி.எஃப்.ஏ. (கவின் கலைப் பட்டம்); ஓவியம், சிற்பம், விஷுவல் கம்யூனிகேஷன், செராமிக் என்று பிரிவுகள். அரசுக் கல்லூரி என்பதால் படிப்புச் செலவு ஒரு நடுத்தர இன்ஜினீயரிங் கல்லூரியோடு ஒப்பிடவே முடியாத அளவுக்குக் குறைவு. சேர, வரைந்து காட்டுகிற தேர்வு உண்டு. சாபு சிரில் இங்கே படித்தவர்தான். அவர் பிறந்தது வால்பாறையில், அதுவும் மலைதான். 'தேன்மாவின் கொம்பத்து' தொடங்கி 'எந்திரன்' வரை 4 தேசிய விருது வாங்கியிருக்கிறார்.

இங்கே சினிமா சொல்லித் தர மாட்டார்கள். கண்ணும் கையும் பழகும். களிமண், மரம், ஃபைபர், சாயம் எல்லாம் எப்படி நடந்துகொள்ளும் என்று தெரியும். அதைவிட, கூடப் படித்தவர்களில் சிலர் பத்து வருஷம் கழித்து ஏதாவது ஒரு படத்தில் சிற்பியாகவோ அசிஸ்டென்டாகவோ நிற்பார்கள். கோடம்பாக்கத்தில் முகம் தெரியாத மலைப் பிள்ளைக்கு இது பெரிய விஷயம்.

சினிமாவுக்கென்றே கலை இயக்கம் படிக்க வேண்டுமானால் புனே திரைப்படக் கல்லூரி. ஆர்ட் டைரக்‌ஷன், ப்ரொடக்‌ஷன் டிசைன் மூன்று வருஷப் படிப்பு அங்கே உண்டு. ஆனால் எந்தப் பட்டமும் போதாது. ஓவியம், சிற்பம், கட்டடக் கலை, இன்டீரியர் டிசைன், அப்ளைடு ஆர்ட் போன்ற படிப்புதான் கேட்பார்கள். ஊட்டி அரசுக் கல்லூரியில் தாவரவியல் முடித்துவிட்டு நேராக அதில் சேர முடியாது என்பது பலருக்குக் கடைசி நேரத்தில்தான் தெரிகிறது. சென்னை தரமணியில் உள்ள எம்.ஜி.ஆர். அரசுத் திரைப்படக் கல்லூரியில் ஒளிப்பதிவு, எடிட்டிங், இயக்கம், ஒலிப்பதிவு போன்ற பட்டப் படிப்புகள் உண்டு. கலை இயக்கத்துக்கென்று தனிப் பட்டம் கிடையாது. கொல்கத்தா சத்யஜித் ராய் கல்லூரியில் தயாரிப்பையே தனிப் படிப்பாக வைத்திருக்கிறார்கள். வரைவதைவிடக் கணக்கில்தான் ஆர்வம் என்று தெரிந்துவிட்டால் அந்தப் பக்கம் பார்க்கலாம்.

இந்த வழியின் குறை, பணம் பற்றிய பாடம் தாமதமாக வருவதுதான். நான்கு வருஷமும் அப்புறம் மூன்று வருஷமும் படித்துவிட்டு வருகிறவர் 25 வயதில் முதல் முறையாக வவுச்சர் எழுதுவார். பக்கத்தில் 18 வயதில் வந்த பையன் அதற்குள் பிளைவுட் கடைக்காரரின் மகள் கல்யாணத்துக்கே போய் வந்திருப்பான்.

தனியார் கல்லூரிகளில் 'ஃபிலிம் டிசைன்' என்று சில லட்சங்களுக்கு விற்கிற படிப்புகளைப் பற்றி அதிகம் சொல்ல ஒன்றும் இல்லை. அந்தப் பணத்தை வைத்துக்கொண்டு சென்னையில் இரண்டு வருஷம் வாடகை கட்டலாம்.

நேராக அசிஸ்டென்ட்

தோட்டா தரணி வந்தது ஒரு வகையில் இப்படித்தான். அப்பா தோட்டா வெங்கடேஸ்வர ராவ் கலை இயக்குநர், ஸ்டூடியோவிலேயே வளர்ந்தவர். உங்களுக்கு அப்படி ஒரு அப்பா இல்லை என்றால், ஒரு கலை இயக்குநரின் அலுவலகத்துக்கு ஸ்கெட்ச் புத்தகத்தோடு நடக்க வேண்டும். பல தடவை நடக்க வேண்டும்.

முதல் படத்தில் பெரும்பாலும் சம்பளம் என்று தனியாக எதுவும் இருக்காது. பேட்டாவும் சாப்பாடும்தான். வேலை என்னவென்றால், பிராப்பர்ட்டி வாங்கி வருவது, வாடகைக்கு எடுத்ததை உடையாமல் திருப்பித் தருவது, நேற்று எடுத்த காட்சியில் மேஜை மேல் டம்ளர் எந்தப் பக்கம் இருந்தது என்று நினைவு வைத்திருப்பது, புதுச் சுவரை நாற்பது வருஷப் பழையதாக்குவது. இதில் மூன்றாவது வருஷம் வாக்கில் ஒருநாள் கலை இயக்குநர் "எவ்வளவு ஆகும், நீயே போட்டுட்டு வா" என்பார். அன்றைக்கு நீங்கள் போடுகிற தொகையை ப்ரொடக்‌ஷன் மேனேஜர் எடுத்ததும் பாதியாக்குவார். எதை வெட்டினால் படத்தில் தெரியாது, எதை வெட்டினால் தெரியும் என்று அவரோடு உட்கார்ந்து பேசுகிற அந்த ஒரு மணி நேரத்தை எந்தக் கல்லூரியாலும் தர முடியாது.

சங்க விஷயமும் இருக்கிறது. தென்னிந்தியத் திரைப்படத் தொழிலாளர் சம்மேளனமான பெஃப்சியின் கீழ் ஒவ்வொரு வேலைக்கும் தனிச் சங்கம். உறுப்பினர் கார்டு இல்லாமல் பெரிய படங்களில் தொடர்ந்து வேலை செய்வது கஷ்டம். கார்டு வாங்கக் கட்டணம் உண்டு, வேலை பார்த்த அனுபவமும் கேட்பார்கள். இதற்கும் பணம் ஒதுக்கி வைத்துக்கொண்டே கிளம்புங்கள். இன்னொன்று: செட் வேலை உயரத்தில் நடக்கிற வேலை, கிரேன், லைட், மின்சாரம் எல்லாம் தலைக்கு மேலே. 2020 பிப்ரவரியில் சென்னைக்குப் பக்கத்தில் ஒரு பெரிய படத்தின் படப்பிடிப்பில் கிரேன் விழுந்து 3 பேர் இறந்தார்கள். காப்பீடு இருக்கிறதா என்று கேட்பதற்குக் கூச்சப்படத் தேவையில்லை.

பெண் பிள்ளைகளுக்கு இந்த வழி இன்னும் கடினம் என்பதை மழுப்பாமல் சொல்லிவிட வேண்டும். செட் வேலை ராத்திரியில்தான் அதிகம் நடக்கும். மறுநாள் காலை 7 மணிக் கால்ஷீட்டுக்கு முன் பெயின்ட் காய வேண்டும். ராத்திரி 2 மணிக்கு வேலை முடிந்தால் ஹாஸ்டலில் கதவு திறக்க மாட்டார்கள். கவின் கலைக் கல்லூரியில் கிடைத்த தோழிகளோடு சேர்ந்து வீடு எடுத்துத் தங்கினவர்கள் சமாளித்திருக்கிறார்கள். அதனாலேயே பெண்களுக்கு நான் எப்போதும் முதல் வழியைச் சொல்கிறேன். விளம்பரப் படம், ஓடிடி தொடர் எடுக்கிற கம்பெனிகளில் வண்டி, நேரம் எல்லாம் ஓரளவு ஒழுங்காக இருக்கிறது. தொடக்கத்துக்கு அது நல்ல இடம்.

ஊரிலேயே லொகேஷன் வேலை

ஆசை காட்டுகிற வழி இதுதான். வீட்டை விட்டுப் போக வேண்டாம். முதல் நாளே காசு. சென்னையிலிருந்தோ கொச்சியிலிருந்தோ ஒரு யூனிட் வருகிறது. அவர்களுக்குப் பங்களா காட்ட வேண்டும், ஜீப் பிடிக்க வேண்டும், கூட்டத்தில் நிற்க ஆள் சேர்க்க வேண்டும், அனுமதிக் காகிதத்தோடு அலைய வேண்டும். தாவரவியல் பூங்காவுக்கும் ரோஜாப் பூங்காவுக்கும் தோட்டக்கலைத் துறை, பைன் காட்டுக்கும் புல்வெளிக்கும் வனத்துறை, மலை ரயிலுக்குத் தெற்கு ரயில்வேயின் சேலம் கோட்டம். எந்தக் காகிதம் எங்கே எத்தனை நாள் நிற்கும் என்று தெரிந்தவருக்கு மதிப்பு உண்டு.

ஆனால் இது சீசன் தொழில். ஏப்ரல், மே மாதங்களில் அறை வாடகை ஏறிவிடுவதால் யூனிட் வராது. 2024 மே 7 முதல் நீலகிரிக்கும் கொடைக்கானலுக்கும் வர வெளியூர் வண்டிகளுக்கு இ-பாஸ் வேண்டும். 2025 கோடையில் உயர் நீதிமன்றம் நீலகிரிக்கு வார நாளில் 6,000 வண்டி, வார இறுதியில் 8,000 என்று உச்சவரம்பே வைத்தது. முப்பது வண்டியோடு வருகிற யூனிட்டுக்கு இது சின்ன விஷயம் இல்லை. ஐதராபாத் ராமோஜி ஃபிலிம் சிட்டியில் தோட்டம், தெரு, ரயில் நிலையம் எல்லாம் ஒரே வளாகத்தில் தயாராக இருக்கும்போது பாட்டுக்கு மட்டும் மலை ஏறுகிற வழக்கம் எப்போதோ குறைந்துவிட்டது. இப்போது வருவது விளம்பரம், மலையாளப் படம், ஓடிடி தொடர், அப்புறம் கல்யாண ஜோடிகள்.

வருமானம் அலைந்து திரிந்தாவது வந்துவிடும். என் மனக்குறை வேறு. இப்படி ஏற்பாடு செய்து தருகிற கோ-ஆர்டினேட்டர் வேலையில் உங்களுக்குத் தெரிவது வாடகையும் கமிஷனும் மட்டும்தான். செட் எவ்வளவில் முடிந்தது, ஏன் அந்தச் சுவருக்கு அந்த நிறம், படம் எவ்வளவுக்கு விற்றது, எதுவும் தெரியாது. பத்து வருஷம் கழித்தும் நீங்கள் "அண்ணே, ஒரு பங்களா வேணும்" என்று போன் வருகிறவராகவே இருப்பீர்கள். நல்ல போன்தான், ஆனால் அதே போன்.

இதிலிருந்து மேலே போக ஒரு வாசல் உண்டு: பிராப்பர்ட்டி. தோட்டத்துப் பங்களாக்கள் கைமாறும்போது வெளியே வருகிற பழைய ரோஸ்வுட் மேஜை, எனாமல் தட்டு, தேயிலைப் பெட்டி, கணப்பு அடுப்புக் கம்பி, பித்தளை விளக்கு, ஆங்கிலேயர் காலத்து வரைபடச் சட்டம். இவற்றைக் காயலான் கடை விலைக்கு வாங்கி ஒழுங்காகப் பட்டியல் போட்டு, படம் எடுத்து வைத்தால் சென்னைக்கே வாடகைக்கு அனுப்பலாம். ஈரத்தில் பூஞ்சை பிடிக்காமல் வைக்க ஒரு நல்ல அறை வேண்டும். முதலீடு முக்கால்வாசி அந்த அறைதான். இந்தத் தொழிலில் எஸ்டிமேட் தானாகவே பழகும்: எந்தப் பொருள் எத்தனை வாடகையில் அசலைத் தரும் என்று பார்க்காமல் நடத்தவே முடியாது. யாராவது ஊரைவிட்டுப் போகவே முடியாத நிலையில் இருந்தால், கோ-ஆர்டினேட்டர் வேலையை இரண்டு மூன்று சீசன் செய்து, அதில் வந்த காசை இதில் போடச் சொல்வேன்.

சரி, யாருக்கு எது? வீட்டில் நான்கு வருஷம் பொறுக்க முடியும், பிள்ளைக்கு வயது 17, 18 என்றால் கவின் கலைக் கல்லூரி. அதிலும் மூன்றாம் வருஷ விடுமுறையிலிருந்தே ஏதாவது ஒரு படத்தில் சம்பளம் பாராமல் நிற்க வேண்டும். வேறு டிகிரி முடித்து 22 தாண்டிவிட்டால் மறுபடி கல்லூரி வேண்டாம், நேராக அசிஸ்டென்ட். தச்சு வேலையோ வெல்டிங்கோ தெரிந்த பிள்ளை என்றால் யோசிக்கவே வேண்டாம்; செட்டில் அவன் பேச்சுக்கு ஓவியம் படித்தவன் பேச்சைவிட மதிப்பு. ஒரு காலத்தில், ஸ்டூடியோ என்றால் கீழே கோயம்புத்தூரிலேயே சென்ட்ரல், பக்ஷிராஜா என்று இரண்டு இருந்தன. பஸ் ஏறி இறங்கினால் வேலை. இன்றைக்குச் சென்னையோ கொச்சியோ ஐதராபாத்தோ போயே ஆக வேண்டும். கூடலூர்ப் பிள்ளைகளுக்கு மலையாளம் வரும் என்பதால் கொச்சியை நான் இரண்டாவது இடத்தில் வைக்க மாட்டேன்.

தயாரிப்பாளர் ஆவது

நாற்பது வயதில் ஒரு கலை இயக்குநருக்குத் தோன்றும்: எல்லாக் கணக்கும் நமக்குத் தெரிகிறதே, நாமே ஏன் படம் எடுக்கக் கூடாது? தோன்றுவதில் நியாயம் உண்டு. கேமராமேனைவிட, எடிட்டரைவிட, கலை இயக்குநர்தான் படத்தின் பணம் கரைகிற இடத்துக்குப் பக்கத்தில் நிற்கிறார்.

அப்படிப் போனவர்களைப் பார்ப்போம். அமெரிக்காவில் பாலி பிளாட் என்பவர் டிசைனராக இருந்து ஆஸ்கார் பரிந்துரை வரை போய், பிறகு ஜேம்ஸ் எல். புரூக்ஸ் என்ற இயக்குநரோடு சேர்ந்து தயாரிப்பாளர் ஆனார். ஆஸ்திரேலியாவின் கேத்தரின் மார்ட்டின் 4 ஆஸ்கார் வாங்கிய டிசைனர். கணவர் பாஸ் லூர்மன் இயக்குகிற படங்களின் தயாரிப்பாளர்களில் ஒருவர். இரண்டு பேருக்கும் பக்கத்தில் ஒரு இயக்குநரும், பின்னால் பணம் போடுகிற பெரிய ஸ்டூடியோவும் இருந்தது.

எங்கள் மலைக்குத் தொடர்புள்ள ஒருவரும் உண்டு. ஆங்கிலேய இயக்குநர் டேவிட் லீன் 1984-ல் 'எ பாஸேஜ் டு இந்தியா' எடுத்தபோது ரயில் காட்சிகளுக்கு நீலகிரி மலை ரயிலைப் பயன்படுத்தினார். அந்தப் படத்தின் ப்ரொடக்‌ஷன் டிசைனர் ஜான் பாக்ஸ். அவர் 1960-களில் மூன்று ஆஸ்கார் வாங்கிய பிறகு, அந்தப் பத்தாண்டு முடிகிற சமயத்தில் ஒரு உளவுப் படத்தைத் தயாரித்தார். அதன்பின் மறுபடி டிசைனுக்கே திரும்பி, 1971-ல் வந்த படத்துக்கு நான்காவது ஆஸ்கார் வாங்கினார். தயாரித்துப் பார்த்துவிட்டுத் திரும்பி வரலாம், யாரும் சிரிக்க மாட்டார்கள் என்பதற்கு இதைவிட நல்ல சாட்சி எனக்குத் தெரியாது.

இன்னொரு பக்கமும் இருக்கிறது. நிதின் சந்திரகாந்த் தேசாய், 4 தேசிய விருது பெற்றவர். 'லகான்', 'தேவதாஸ்' அவர் வேலை. 2005-ல் மும்பைக்குப் பக்கத்தில் கர்ஜத்தில் சொந்த ஸ்டூடியோ கட்டினார், தயாரிப்பும் செய்தார். கடன் பெருகி, 2023 ஜூலையில் அவர் கம்பெனி மீது திவால் நடைமுறை தொடங்கியது. ஆகஸ்ட் 2-ஆம் தேதி அந்த ஸ்டூடியோவிலேயே அவர் இறந்துபோனார். எஸ்டிமேட் போடத் தெரியாதவர் இல்லை அவர். இதில் எந்த எஸ்டிமேட்டிலும் வராத ஒன்று வட்டி.

செட் எஸ்டிமேட்டில் இல்லாத மீதிப் பாதி என்று முன்னால் சொன்னேனே, அது இதுதான். செட் பிரித்த அன்றைக்குச் செலவு நின்றுவிடும். படம் முடிந்த பிறகும் வட்டி நிற்காது. ரிலீஸ் தேதி தள்ளத் தள்ள, மாதத்துக்கு மாதம் அது ஏறும். ஓடிடிக்கு விலை பேசுவது, சாட்டிலைட் உரிமை, விநியோகஸ்தர், தியேட்டர் ஷேர், சென்சார், ஜி.எஸ்.டி. என்று அது வேறு தொழில். ஆர்ட் டிபார்ட்மென்ட்டில் இருந்து இதில் எதையும் கற்றிருக்க மாட்டோம்.

அதனால் மூன்று படிகளாகப் பார்க்கலாம். லைன் ப்ரொடியூசர்: பணம் வேறொருவருடையது, உங்களுக்குச் சம்பளம், படப்பிடிப்பைச் சொன்ன தொகைக்குள் நடத்திக் கொடுக்க வேண்டும். ஃபர்ஸ்ட் காப்பி: ஒரு தொகை வாங்கிக்கொண்டு முழுப் படத்தையும் முடித்து முதல் பிரதியைக் கையில் கொடுக்க வேண்டும், செட் காண்ட்ராக்ட் மாதிரியே, ஆனால் நடிகர் காயம்பட்டுப் படுத்தாலும் உங்கள் நஷ்டம். சொந்த பேனர்: எல்லாம் உங்களுடையது, பைனான்சியரின் போனும் உட்பட.

இதில் மலைக்காரருக்குப் பொருந்துவது முதல் படி என்று அடித்துச் சொல்வேன். வெளியூரிலிருந்து மலைக்கு வருகிற படத்தின் மலைப் பகுதியை மட்டும் லைன் ப்ரொடியூசராக எடுங்கள். செட்டும் தெரியும், அனுமதியும் தெரியும், மழையும் தெரியும். உங்களைப் போல அந்தத் தொகையைச் சரியாகச் சொல்ல சென்னையில் ஆள் இல்லை. இப்படி நான்கைந்து படம் முடித்தபின் ஃபர்ஸ்ட் காப்பி பேச வந்தால், உட்காரலாம். சொந்த பேனர்தான் வேண்டும் என்றால் ஆவணப் படத்திலிருந்து தொடங்கலாம். முதுமலை தெப்பக்காட்டில் எடுத்த 'தி எலிஃபன்ட் விஸ்பரர்ஸ்' 2023-ல் ஆஸ்கார் வாங்கியது. இயக்கிய கார்த்திகி கொன்சால்வஸ் ஊட்டியில் வளர்ந்தவர். அதில் செட் இல்லை, நட்சத்திரச் சம்பளம் இல்லை. தேவைப்படுவது வருஷக்கணக்கான பொறுமையும், தயாரிக்க முன்வருகிற ஒரு ஆளும்தான்.

எந்தப் படிக்குப் போனாலும் தேயிலைத் தோட்டப் பத்திரத்தை அடமானம் வைக்காதீர்கள். பத்திரம் அம்மா பெயரில் இருந்தால் அது அங்கேயே இருக்கட்டும்.

கொடைக்கானல்காரர்களுக்குக் கணக்கு கொஞ்சம் மாறும். மரமும் பிளைவுட்டும் வத்தலக்குண்டிலிருந்தோ மதுரையிலிருந்தோ ஏற வேண்டும். 2025 கோடையில் வண்டி வரம்பு நீலகிரியைவிடக் குறைவாக இருந்தது. வார நாளில் 4,000, வார இறுதியில் 6,000 என்று வைத்தார்கள். பெரிய யூனிட்டைவிட பூம்பாறை, மன்னவனூர்ப் பக்கம் ஐந்தாறு வண்டியோடு வருகிற சின்ன யூனிட்டுகளை நம்பித் தொழிலை அமைத்துக்கொள்வது அங்கே புத்திசாலித்தனம். படிப்புக்குச் சென்னையை விடக் கும்பகோணம் பக்கம். குறிஞ்சி 2018-ல் பூத்தது, அடுத்தது 2030. அந்த வருஷம் ஆகஸ்ட், செப்டம்பரில் அங்கே ஷூட்டிங் வைக்க யாராவது கேட்டால், அறை வாடகையை மட்டும் வாய்மொழியாக ஒப்புக்கொள்ளாமல் எழுதி வாங்கிக்கொள்ளுங்கள்.